வெற்றுத் தாளைச் சூளையில் சுடுவது: லியு ஜியான்ஹுவாவின் பீங்கான் சிற்பங்களுக்கு ஓர் எளிய அறிமுகம்

பீங்கானில் செய்வதற்கு எது மிகக் கடினம்? இதழ் இதழாக விரியும் பூ, விரலளவு மனித முகம், பின்னலாடைபோல் துளையிட்ட வேலைப்பாடு என்றுதான் நம்மில் பலரும் சொல்வோம். தொழிலில் ஊறியவர்களைக் கேட்டால் வேறு பதில் வரும். பெரிதாக, மெல்லிதாக, தட்டையாக ஒரு தகடு. விரிசல் விழாமல், கோணாமல் சூளையைவிட்டு வெளியே வரும் ஒரு வெறும் தகடு.

சீனச் சிற்பி லியு ஜியான்ஹுவா 2009இல் அப்படிப்பட்ட தகடுகளைச் செய்யத் தொடங்கினார். அந்த வரிசைக்கு 'வெற்றுத் தாள்' என்று பெயர் வைத்தார். பெயரில் சொன்னதுதான் படைப்பிலும் இருக்கிறது. வெள்ளைப் பீங்கான் தகடு ஒன்று சுவரில் தொங்குகிறது. அதில் ஓவியமில்லை, எழுத்தில்லை, புடைப்பு வேலை எதுவுமில்லை. ஓரங்களிலும் மூலைகளிலும் மட்டும் தாளுக்கு உரிய மெல்லிய சுருளல். கனம் ஒரு சென்டிமீட்டர்கூட இருக்காது. தூரத்திலிருந்து பார்த்தால் யாரோ சுவரில் பெரிய தாளை மாட்டிவிட்டுப் படம் வரைய மறந்துபோனதாகத் தோன்றும்.

'இதில் என்ன இருக்கிறது?' என்று கேட்டுவிட்டு அடுத்த அறைக்குப் போகத் தோன்றுவது இயல்பு. அந்தக் கேள்வியைக் கேட்பவர்களுக்காகத்தான் இந்தக் கட்டுரை. தற்காலப் பீங்கான் சிற்பம் என்ற துறைக்குள் நுழைய இந்த வெற்றுத் தாளைவிட நல்ல வாசல் எனக்குத் தெரியவில்லை. ஆனால் அதன்முன் நிற்பதற்கு முன்பு மண்ணும் தீயும் சேர்ந்து என்ன செய்கின்றன என்பதைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும்.

மண் சுருங்கும், தீயில் இளகும்

சீனாவின் ஷியான் நகரருகே கிடைத்த, முதல் பேரரசரின் களிமண் போர்வீரர்கள் ஆளுயரம் இருக்கிறார்கள். ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். அவர்கள் சுடுமண்ணால் ஆனவர்கள், பீங்கானால் அல்ல. சுடுமண் குறைந்த வெப்பத்தில் வெந்து இறுகும், அவ்வளவுதான். உள்ளே நுண்துளைகள் அப்படியே இருக்கும். சூளையில் அதன் உருவம் பெரிதாக மாறுவதில்லை. அதனால்தான் பெரிய உருவங்களைச் சுடுமண்ணில் செய்ய முடிந்தது.

பீங்கான் வேறு வகை. அதில் இரண்டு பொருள்கள் சேர்கின்றன. ஒன்று கயோலின் என்ற வெண்களிமண். இது எளிதில் உருகாது, உருவத்தைத் தாங்கிப் பிடிக்கும். மற்றது பீங்கான் கல்லை இடித்து எடுக்கும் பொடி. கடும் வெப்பத்தில் இது இளகிக் கண்ணாடித்தன்மை அடைந்து, களிமண் துகள்களுக்கு இடையில் உள்ள வெற்றிடங்களை நிரப்பிவிடும். சூளையின் வெப்பம் 1,300 டிகிரி செல்சியஸை நெருங்கும்போது இது நடக்கிறது. ஆறிய பிறகு கிடைக்கும் பொருள் தண்ணீரை உறிஞ்சாது, தட்டினால் கணீரென்று ஒலிக்கும், மெல்லிய இடங்களில் வெளிச்சத்தை ஊடுருவ விடும்.

இந்த அழகுக்குச் சூளை கேட்கும் விலை இரண்டு. முதலாவது, சுருக்கம். ஈரக் களிமண்ணாக இருந்ததிலிருந்து சுட்டு முடிப்பதற்குள் பீங்கான் ஆறில் ஒரு பங்கு அளவுக்குச் சுருங்கிவிடும். ஒரு மீட்டர் நீளத் தகடு வேண்டுமென்றால் ஏறக்குறைய 1.2 மீட்டர் நீளத்தில் தொடங்க வேண்டும். இரண்டாவது, இளக்கம். உச்ச வெப்பத்தில் உருவம் முழுவதுமே சற்றுக் குழைந்த நிலைக்கு வருகிறது. நீட்டிய கை தொய்யும், தாங்கலில்லாத தலை சாயும், அகலமான அடிப்பகுதி சூளைப் பலகையோடு உராய்ந்து கிழியும். சிற்பி சூளைக்கு வெளியே நின்றுகொண்டிருப்பார். உள்ளே எதையும் தொட முடியாது.

இதற்கு நல்ல சாட்சி ஐரோப்பாவில் இருக்கிறது. சீனாவின் பீங்கான் ரகசியத்தை நூற்றாண்டுகளாகத் தேடிய ஐரோப்பியர்கள், 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜெர்மனியின் சாக்சனியில் அதைக் கண்டறிந்தார்கள். 1710இல் மைசன் தொழிற்சாலை தொடங்கியது. சாக்சனியை ஆண்ட அகஸ்டஸ், 1730களில் தன் அரண்மனைக்காகப் பெரிய விலங்குச் சிற்பங்களைப் பீங்கானில் செய்யச் சொன்னார். செய்தார்கள். சாக்சனியின் ட்ரெஸ்டன் நகரில் இன்றும் அவற்றைப் பார்க்கலாம், அவற்றின் உடல்களில் சூளை உண்டாக்கிய நீண்ட வெடிப்புகளோடு. அரசனின் பணத்தாலும் அன்றைய தலைசிறந்த சிற்பிகளாலும் அந்த வெடிப்புகளைத் தடுக்க முடியவில்லை.

சீனாவில் பீங்கான் சிற்பம் அதைவிடப் பழையது. புஜியான் மாகாணத்தின் தெஹுவாவில், மிங் அரச வம்சக் காலத்தின் பிற்பகுதியில் ஹெ சாவ்சோங் என்ற கைவினைஞர் செய்த, குவான்யின் என்ற கருணைத் தெய்வத்தின் வெண்பீங்கான் உருவங்கள் புகழ்பெற்றவை. ஆடையின் மடிப்புகள் நீர்போல் வழியும். ஆனால் அவை பெரும்பாலும் மேசைமீது வைக்கும் அளவுடையவை. பீங்கான் அந்த அளவில்தான் அடங்கி நடந்தது.

ஜிங்தெஜென்

ஜியாங்ஷி மாகாணத்தில், சாங் ஆற்றங்கரையில் இருக்கிறது ஜிங்தெஜென். சுற்றியுள்ள மலைகளில் மண்ணும் கல்லும் கிடைத்தன, சூளைக்கு விறகு கிடைத்தது, சரக்கை ஏற்றிச் செல்ல ஆறு இருந்தது. சோங் வம்சப் பேரரசர் ஒருவர் 11ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தன் ஆட்சிக்காலத்தின் பெயரையே இந்த ஊருக்கு வைத்தார். யுவான் வம்சக் காலத்தில் பாரசீகப் பகுதியிலிருந்து வந்த, நீல நிறம் தரும் கோபால்ட்டைக் கொண்டு இங்கே நீல-வெள்ளைப் பீங்கான் வளர்ந்தது. மிங், சிங் வம்சங்களின் அரண்மனைச் சூளைகள் இங்கே எரிந்தன. கப்பல் ஏறிய சீனப் பீங்கான்களின் உடைந்த ஓடுகள் ராமநாதபுரம் மாவட்டத்துப் பெரியபட்டினத்திலும் கிடைத்திருக்கின்றன.

இந்த ஊரைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டிய முக்கியமான செய்தி, இங்கே யாரும் ஒரு பொருளைத் தனியாகச் செய்வதில்லை என்பது. மண் பிசைபவர் ஒருவர், சக்கரத்தில் வனைபவர் ஒருவர், காய்ந்ததைச் சீவிச் சமன் செய்பவர் ஒருவர், கோடு இழுப்பவர் ஒருவர், அந்தக் கோட்டுக்குள் நிறம் நிரப்புபவர் வேறொருவர். 1712இல் இந்த ஊரைப் பற்றி எழுதிய பிரெஞ்சு ஏசு சபைத் துறவி தாந்த்ரகோல், ஒரு பாத்திரம் எழுபது பேரின் கைவழியாகப் போவதாகச் சொல்கிறார்கள் என்று குறித்து வைத்தார். இந்த வேலைப் பிரிவினை இன்றும் அந்த ஊரில் உயிரோடு இருக்கிறது. அதனால்தான் உலகின் பல மூலைகளிலிருந்தும் கலைஞர்கள் பீங்கான் செய்ய அங்கே போகிறார்கள்.

அப்படிப் போனவர்களில் உலகம் அதிகம் அறிந்தவர் சீனக் கலைஞர் ஐ வெய்வெய். 2010 அக்டோபரில் லண்டன் டேட் மாடர்ன் அருங்காட்சியகத்தின் பெரிய கூடத்தில் அவர் பரப்பிய சூரியகாந்தி விதைகள் மொத்தம் 10 கோடி. எல்லாம் பீங்கான். எடை ஏறத்தாழ 150 டன். ஜிங்தெஜென்னைச் சேர்ந்த 1,600 பேர் இரண்டாண்டுகளுக்கு மேல் உழைத்து, ஒவ்வொரு விதையிலும் கையால் கோடு தீட்டினார்கள். மக்கள் அதன்மேல் நடக்கலாம் என்று முதலில் அனுமதித்தார்கள். காலடியில் பீங்கான் தூசி கிளம்பியதால் சில நாள்களில் தடுத்துவிட்டார்கள். ஐ வெய்வெய் ஜிங்தெஜென்னுக்கு வெளியிலிருந்து வந்தவர். அந்த ஊரின் கைகளை ஒரு பேருருவாகத் திரட்டிக் காட்டினார். லியு ஜியான்ஹுவா அந்த ஊரின் தொழிற்சாலைக்குள்ளேயே வளர்ந்தவர். இருவரையும் அருகருகே வைத்துப் பார்த்தால் இந்த வேறுபாடு படைப்பிலேயே தெரியும்.

தொழிற்சாலைப் பையன்

லியு 1962இல் ஜியாங்ஷி மாகாணத்தின் ஜிஆன் நகரில் பிறந்தார். சிறுவனாக இருக்கும்போதே ஜிங்தெஜென் வந்துவிட்டார். 1977இல், பதினைந்து வயதில், அரசுக்குச் சொந்தமான சிற்பப் பீங்கான் தொழிற்சாலையில் தொழில் பழகச் சேர்ந்து எட்டு ஆண்டுகள் வேலை செய்தார். பீங்கான் எங்கே தொய்யும், எங்கே வெடிக்கும் என்பதை அவர் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை. அன்றாட வேலையாகச் செய்து தெரிந்துகொண்டார். பிறகு 1985இல் ஜிங்தெஜென் பீங்கான் கல்லூரியில் சிற்பம் படிக்கச் சேர்ந்து 1989இல் பட்டம் பெற்றார். குன்மிங் நகரில் ஆசிரியரானார். 2004இல் ஷாங்காய்க்கு இடம் மாறினார்.

1990களில் அவரைக் கவனிக்க வைத்தவை வண்ணச் சிற்பங்கள். சீனப் பெண்களின் சீபாவ் உடை அணிந்த, தலையும் கையும் இல்லாத உருவங்கள் சோபாவில் சாய்ந்திருக்கும். சில உருவங்கள் சாப்பாட்டுத் தட்டில் பரிமாறப்பட்டிருக்கும். சந்தைக்குத் திறந்துவிடப்பட்ட சீனாவில் எதெல்லாம் விற்பனைக்கு வந்தது என்ற கேள்வி அவற்றில் இருந்தது. கூர்மையான கேள்விதான். ஆனாலும் அந்த உருவங்கள் தம் பொருளை உரக்கச் சொல்லிவிடுகின்றன. இரண்டாம் முறை பார்க்கும்போது புதிதாகக் கிடைப்பது குறைவு என்றே எனக்குப் படுகிறது.

2001 முதல் 2003 வரை அவர் செய்த 'அன்றாடம், உடையக்கூடியது' வரிசையில்தான் பீங்கான் தன் முழு பலத்தோடு பேசத் தொடங்கியது. காலணி, தொப்பி, தலையணை, பொம்மை, தொலைபேசி, வெந்நீர்ப் பை என்று வீட்டில் புழங்கும் பொருள்களையெல்லாம் வெள்ளைப் பீங்கானில் வார்த்தார். தரையிலும் சுவரிலும் கூட்டம் கூட்டமாக வைத்தார்.

வார்ப்பு முறை எளிதாகப் புரியக்கூடியது. உண்மையான பொருளின்மேல் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் அச்சு எடுக்கிறார்கள். அச்சுக்குள் களிமண் கூழை ஊற்றுகிறார்கள். பிளாஸ்டர் தண்ணீரை உறிஞ்ச உறிஞ்ச, அச்சின் உட்சுவரில் களிமண் ஒரு தோலாகப் படிகிறது. தோல் போதிய கனம் ஆனதும் மீதிக் கூழைக் கவிழ்த்துவிடுகிறார்கள். அச்சைப் பிரித்தால் உள்ளே கூடான ஓர் உருவம். காலணியின் தையலும் தலையணையின் மடிப்பும் அச்சொட்டாக வந்திருக்கும். அந்தப் பொருள்களின் நிறம், மென்மை, பயன் மூன்றும் போய்விட்டிருக்கும். தலையணையில் தலை வைக்க முடியாது. வெந்நீர்ப் பையை அமுக்கினால் நொறுங்கிவிடும்.

ஈராண்டுக்கு ஒருமுறை நடக்கும் பன்னாட்டுக் கலைக் கண்காட்சியான வெனிஸ் பியனாலேயில், 2003இல் சீனா முதன்முறையாகத் தன் தேசிய அரங்கை அமைக்கத் திட்டமிட்டு, அதற்கு லியுவின் இந்தப் படைப்பையும் தேர்ந்தெடுத்திருந்தது. சார்ஸ் தொற்று குறுக்கிட்டது. அரங்கம் வெனிஸுக்குப் போகவில்லை. குவாங்சௌ நகரின் குவாங்தோங் கலை அருங்காட்சியகத்தில் காட்டப்பட்டது. நாடே முகக்கவசத்துக்குள் ஒடுங்கியிருந்த ஆண்டில், 'அன்றாடம், உடையக்கூடியது' என்ற பெயர் அவர் நினைத்ததைவிட ஆழமாகப் பாய்ந்திருக்க வேண்டும்.

எதையும் சொல்லாமல் இருப்பது

2008 வாக்கில் லியு ஒரு முடிவுக்கு வந்தார். இனித் தன் படைப்பில் 'அர்த்தமும் வேண்டாம், உள்ளடக்கமும் வேண்டாம்' என்றார். சமூக விமர்சனத்துக்காகக் கொண்டாடப்பட்ட ஒருவர் இப்படிச் சொன்னது பலருக்குப் பின்வாங்கலாகத் தெரிந்திருக்கலாம். நான் அப்படிப் பார்க்கவில்லை. செய்தியைச் சுமந்துகொண்டிருந்தவரை பீங்கான் அவருக்கு வண்டியாக இருந்தது. செய்தியை இறக்கி வைத்தபோது பொருளே முன்னுக்கு வந்தது. அந்த முடிவின் விளைச்சல்தான் 'வெற்றுத் தாள்'.

இப்போது அந்தத் தகட்டிடம் திரும்புவோம். கிண்ணம், குடுவை போன்ற வட்ட வடிவங்கள் சுருங்கும்போது எல்லாப் பக்கமும் சமமாக மையத்தை நோக்கி இழுபடும். வளைந்த சுவர் தன்னைத் தானே தாங்கிக்கொள்ளும். தகட்டுக்கு அந்தப் பாதுகாப்பு எதுவும் கிடையாது. காயும்போது நடுப்பகுதிக்கு முன்னால் ஓரங்கள் உலர்ந்து இழுக்கின்றன. வெயிலில் போட்ட அப்பளம் ஓரம் தூக்கிக்கொள்வது இதே காரணத்தால்தான். அப்பளத்தைத் திருப்பிப் போட்டுச் சரிசெய்யலாம். பீங்கான் தகட்டை அழுத்தி நேராக்கினால் அப்போதைக்கு அடங்கியிருக்கும். சூளையில் இளகும்போது பழைய வளைவு திரும்பி வந்துவிடும். களிமண்ணின் துகள்கள் நுண்ணிய தகடு வடிவானவை. ஒருமுறை எந்தப் பக்கம் சாய்ந்தனவோ அந்தச் சாய்வைச் சுலபத்தில் விடுவதில்லை. குயவர்கள் இதை மண்ணின் ஞாபகம் என்பார்கள்.

பெரிய தகடு சூளைக்குள் சுருங்கும்போது அதன் ஓரங்கள் சில சென்டிமீட்டர் தூரம் உள்நோக்கி நகர்ந்தாக வேண்டும். அடியில் பலகையோடு ஒட்டிக்கொண்டால் கிழியும். சூளையின் ஒரு மூலை மற்ற மூலையைவிடச் சற்றுச் சூடாக இருந்தால் முறுக்கிக்கொள்ளும். ஆறும்போது அவசரப்பட்டால் வெடிக்கும். கிண்ணத்தில் சிறு கோணல் இருந்தால் கண்ணுக்குத் தெரியாது, வேலைப்பாடு மறைத்துவிடும். மேலே எதுவுமே இல்லாத வெள்ளைத் தகட்டில் ஒரு மயிரிழைக் குறையும் ஒளிந்துகொள்ள முடியாது.

இன்னொன்றையும் நினைவில் வைக்க வேண்டும். ஜிங்தெஜென்னில் பீங்கான் பலகை செய்யும் மரபு ஏற்கெனவே இருக்கிறது. சிங் காலத்தின் இறுதியிலும் அதற்குப் பிந்தைய குடியரசுக் காலத்திலும் அந்த ஊர் ஓவியர்கள் தட்டையான பீங்கான் பலகைகளில் மலையும் நீரும் பறவையும் தீட்டினார்கள். அங்கே பலகை என்பது ஓவியத்துக்கான தளம். பலகை செய்பவர் பெயர் யாருக்கும் தெரியாது. தீட்டியவரின் முத்திரைதான் மூலையில் சிவப்பாக நிற்கும். லியு அந்தத் தளத்தையே படைப்பாக்கி, ஓவியத்தை எடுத்துவிட்டார். தொழிற்சாலையில் எட்டு ஆண்டுகள் பெயரில்லாமல் உழைத்த ஒருவர், பெயரில்லாதவர்களின் பங்கை மட்டும் சுவரில் மாட்டினார் என்று நான் படிக்கிறேன். இது என் வாசிப்பு. அவர் இப்படிச் சொன்னதாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

அந்த மூலைகளின் சுருளலையும் இந்தப் பின்னணியில் பார்க்க வேண்டும். சூளை தானாகக் கொடுக்கும் கோணலைத் தொழில் காலங்காலமாகக் குறை என்று ஒதுக்கிவந்தது. லியு அதே அசைவைத் தான் விரும்பிய இடத்தில், தான் விரும்பிய அளவில் வரவழைக்கிறார். தகட்டின் நடுப்பகுதி அடங்கியிருக்க, ஓரம் மட்டும் எழ வேண்டும். காற்று பட்டால் இன்னும் கொஞ்சம் சுருளும்போலத் தோன்றும் அந்த மூலையைத் தட்டினால் கணீரென்று ஒலிக்கும். (தட்டிப் பார்க்க எந்த அருங்காட்சியகமும் விடாது.)

2011இல் செய்த 'தடம்' இதன் மறுபக்கம். கறுப்பு மெருகு (கண்ணாடிபோல் இறுகும் பூச்சு) பூசிய பீங்கான் துளிகள் சுவரில் வழிந்து நிற்கும், பெரிய தூரிகையிலிருந்து மை சொட்டியதுபோல. சீன எழுத்துக்கலையில் தாங் வம்சக் காலத்திலிருந்து ஒரு பேச்சு உண்டு: நல்ல கோடு, கூரை ஒழுகிச் சுவரில் மழைநீர் இறங்கிய தடம்போல் இருக்க வேண்டும். வேண்டுமென்று இழுத்ததாக இல்லாமல், நின்று நின்று தன் பாதையைத் தானே கண்டுபிடித்து இறங்கியதாக இருக்க வேண்டும். லியு அந்தத் தடத்தைச் சூளையில் சுட்டு நிலைநிறுத்தினார். ஒரு கணத்தில் வழிந்துவிடும் ஒன்றைச் செய்ய வாரக்கணக்கில் உலர்த்தியும் சுட்டும் காத்திருக்க வேண்டியிருக்கிறது. என் மனத்துக்கு 'வெற்றுத் தாள்' அளவுக்கு நெருக்கமான இன்னொரு படைப்பு இது.

2017 வெனிஸ் பியனாலேயின் முதன்மைக் கண்காட்சியில் இடம்பெற்ற 'சதுரம்' பற்றி அவ்வளவு உறுதியாகச் சொல்லமாட்டேன். எஃகுத் தகடுகளின்மேல் பொன்னிறப் பீங்கான் துளிகள் சிந்திக் கிடக்கும். படத்தில் மிக அழகாக விழும். பொன்னிறம் கண்ணை உடனே பறித்துக்கொள்வதால், பீங்கானை உலோகத்திலிருந்து பிரித்துப் பார்க்கக் கொஞ்ச நேரமாகிறது.

அவரே செய்கிறாரா?

புதிதாகப் பார்ப்பவர்கள் தவறாமல் கேட்கும் கேள்வி இது. லியு ஜிங்தெஜென் கைவினைஞர்களோடு சேர்ந்து வேலை செய்கிறார். இந்த அளவுள்ள பீங்கானைத் தனியொருவர் செய்ய முடியாது; தூக்குவதற்கே பலர் வேண்டும். எழுபது கைகளின் ஊரில் இதை யாரும் குறையாகக் கருதுவதில்லை. வெண்கலச் சிற்பியும் வார்ப்பவர்களை நம்பித்தான் இருக்கிறார். லியுவின் தனித்தன்மை வேறோர் இடத்தில் இருக்கிறது: அவர்களிடம் எதைக் கேட்கலாம், எதைக் கேட்டால் மண் ஒத்துழைக்காது என்பது அவருக்குத் தொழிலாளியாகவே தெரியும். முடியாது என்று கைவினைஞர் சொல்லும் இடத்துக்குச் சற்று முன்புவரை அவரால் போக முடிகிறது.

எதிரில் நின்று பார்க்கும்போது

பீங்கான் சிற்பத்தை முன்னால் நின்று மட்டும் பார்க்காதீர்கள். பக்கவாட்டில் போய் ஓரத்தைப் பாருங்கள். கனம் எவ்வளவு, அது எல்லா இடத்திலும் ஒன்றாக இருக்கிறதா, மெருகு எங்கே தேங்கி நிறம் கூடியிருக்கிறது என்பதெல்லாம் ஓரத்தில்தான் தெரியும். பிறகு சுவரில் விழும் நிழலைப் பாருங்கள். 'வெற்றுத் தாள்' வரிசையில் வளைவின் அளவை நிழல்தான் காட்டிக்கொடுக்கும். கடைசியாக, எது தரையைத் தொடுகிறது, எது தொங்குகிறது என்று பாருங்கள். தொங்கும் பகுதி எதுவானாலும் சூளையில் அதைத் தாங்க ஏதோ ஓர் ஏற்பாடு இருந்திருக்கும்.

லியுவின் படைப்பு ஒன்று சான்பிரான்சிஸ்கோவின் ஆசியக் கலை அருங்காட்சியகத்தில், 2016இல் நிறுவப்பட்டு, கூரையிலிருந்து தொங்குகிறது. ஆங்கில எழுத்துகளும் சீன எழுத்துகளின் உறுப்புகளும் வெள்ளைப் பீங்கானில் வார்க்கப்பட்டு மழைபோல் இறங்குகின்றன. அந்தக் கட்டடம் முன்பு நகரின் பொது நூலகமாக இருந்தது. புத்தகங்கள் போன பிறகு எழுத்துகள் மட்டும் திரும்பி வந்திருக்கின்றன, எந்தச் சொல்லாகவும் கூடாமல். அந்தப் பக்கம் போகிறவர்கள் தவறவிடக் கூடாது.

லியுவைப் பார்த்த பிறகு அடுத்து யாரைப் பார்ப்பது என்றால், ஆ ஷியானைச் சொல்வேன். 1960இல் பெய்ஜிங்கில் பிறந்து, தியானன்மென் நிகழ்வுக்குப் பின் ஆஸ்திரேலியாவில் குடியேறியவர். 1998 முதல் 'சைனா சைனா' என்ற வரிசையில், உயிருள்ள மனிதர்கள்மேல் அச்செடுத்து மார்பளவு உருவங்களைப் பீங்கானில் வார்த்தார். 1999இல் ஜிங்தெஜென் சென்று அந்த ஊர்க் கைவினைஞர்களோடு வேலை செய்தார். கண் மூடிய முகங்களின்மேல் நாகமும் தாமரையும் மலைக்காட்சியும் மூக்கைக் கடந்து, உதட்டைக் கடந்து படர்கின்றன. லியு அலங்காரத்தை முழுக்கக் கழற்றினார். ஆ ஷியான் அதையே மனிதத் தோலாக்கினார். ஒரே ஊரின் மண்ணிலிருந்து இந்த இரண்டும் எப்படி வந்தன என்று ஒப்பிட்டுப் பார்க்கத் தொடங்கினால், தற்காலச் சீனப் பீங்கான் சிற்பத்தின் பாதி உங்களுக்குப் பிடிபட்டுவிடும்.